பிளாஷ் விளையாட்டுகள் இருக்கின்றன, நம் ஊர்க்காரர்கள் செய்தவைதான் போய்க்கொண்டிருக்கின்றன

மதிப்பிற்குரிய ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். சென்ற ஞாயிறு இணைப்பில் பழைய கம்ப்யூட்டர் விளையாட்டுகளைப் பற்றி வந்த கட்டுரையை, முன்பு என் கடைக்கு வந்துகொண்டிருந்த பையன்கள் எனக்கு வாட்ஸ்ஆப்பில் அனுப்பிவைத்தார்கள். பேப்பர் என் மேசையில்தான் கிடந்தது. இருந்தாலும் 'அண்ணாச்சி, உங்க கடைய பத்தி எழுதுன மாதிரியே இருக்கு' என்று ஒரு வரி சேர்த்து அனுப்பியிருந்தார்கள். கட்டுரை நன்றாகவே இருந்தது. ஆனால் பிரவுசரில் அந்த விளையாட்டுகளை ஓட்டிய பிளாஷ் என்ற மென்பொருள் போனதோடு அவையும் போய்விட்டன, இனி ஆட வழியில்லை என்று எழுதியவர் முடித்துவிட்டார். வழி இருக்கிறது, அதுவும் காசு செலவில்லாமல். அதைச் சொல்லத்தான் இந்தக் கடிதம். இன்னொரு விஷயமும் உண்டு, அதைக் கடைசியில் சொல்கிறேன்.

பாளையங்கோட்டையில் பிரவுசிங் சென்டர் நடத்தியவன் நான். இப்போது அதே கடையில் ஜெராக்ஸ், டி.டி.பி., பான் கார்டு, ஆன்லைன் விண்ணப்பம் என்று ஓடுகிறது. அந்தக் காலத்தில் சாயங்காலம் பள்ளிக்கூடம் விட்டால் கடை வாசலில் சைக்கிள் நிறுத்த இடம் இருக்காது. மணிக்கு 20 ரூபாய், அரை மணிக்கு 10. 'புராஜெக்ட்டுக்குப் படம் எடுக்கணும்' என்று வீட்டில் காசு வாங்கி வருவார்கள். படத்துக்கு ஐந்து நிமிடம், மீதி நேரம் ஸ்டிக் கிரிக்கெட். 2004-இல் வந்த அந்த ஆட்டத்துக்கு இடது, வலது அம்புக்குறி விசைகள்தான் மட்டை. மற்ற விசைகள் புதிதாக இருக்க, அந்த இரண்டு மட்டும் எழுத்தழிந்து போன கீபோர்டுகள் இன்னும் பரணில் கிடக்கின்றன.

2005-இல் பி.எஸ்.என்.எல். பிராட்பேண்ட் வந்தபோது மாதத்துக்கு இத்தனை எம்.பி. என்று லிமிட். தாண்டினால் தனிக் காசு. எட்டு சிஸ்டத்திலும் பையன்கள் ஒரே விளையாட்டைத் தனித்தனியாக இறக்கினால் லிமிட் மாதம் பாதியிலேயே தீர்ந்துவிடும். அதற்கு ஒரு வழி கண்டுபிடித்தேன். இன்டர்நெட் எக்ஸ்ப்ளோரரில் ஒரு விளையாட்டு முழுதாக இறங்கிவிட்டால் அதன் ஃபைல் 'டெம்பரரி இன்டர்நெட் ஃபைல்ஸ்' ஃபோல்டரில் தங்கியிருக்கும். டைப் வாரியாக அடுக்கினால் 'ஷாக்வேவ் பிளாஷ் ஆப்ஜெக்ட்' என்று போட்டவை எல்லாம் ஒன்றாக வந்து நிற்கும். எஸ்டபிள்யூஎஃப் என்று முடியும் ஃபைல்கள். பெரும்பாலும் ஐந்து எம்.பி.கூடத் தேறாது. ராத்திரி இரண்டு மணியிலிருந்து காலை எட்டு வரை லிமிட் கிடையாது என்றொரு திட்டம் இருந்தது. அலாரம் வைத்து எழுந்து இறக்கி, எல்லா சிஸ்டத்திலும் டி டிரைவில் 'கேம்ஸ்' ஃபோல்டரில் போட்டுவைப்பேன்.

எல்லாம் அப்படி ஓடிவிடாது. சில ஆட்டங்கள், தான் எந்த இணையதளத்திலிருந்து ஓடுகிறோம் என்று பார்த்து, சொந்தத் தளம் இல்லையென்றால் கறுப்புத் திரையோடு நின்றுவிடும். சில, முதல் கட்டத்தை மட்டும் கையில் கொடுத்துவிட்டு இரண்டாவது கட்டத்தை சர்வரிலிருந்து எடுக்கப் பார்க்கும். இதை ஏன் விவரமாகச் சொல்கிறேன் என்றால், இன்றைக்குப் பழைய விளையாட்டுகளைக் காப்பாற்றுகிறவர்களுக்கும் இதே தலைவலிதான்.

இன்னொன்று. பையன்கள் 'அஞ்சாம் நம்பர் சிஸ்டம்தான் வேணும்' என்று அடம் பிடிப்பார்கள். கேபின் மூலையில் இருப்பதால் என்று ரொம்ப நாள் நினைத்திருந்தேன். விஷயம் வேறு. பிளாஷ் ஆட்டத்தில் எந்தக் கட்டம் வரை போனோம் என்ற கணக்கு அந்தந்தக் கம்ப்யூட்டரிலேயே ஒரு சின்ன ஃபைலாகப் பதிவாகும். மற்ற சிஸ்டங்களில் நான் டீப் ஃப்ரீஸ் போட்டிருந்தேன். வைரஸுக்குப் பயந்து பிரவுசிங் சென்டர்காரர்கள் போடுகிற மென்பொருள் அது. ரீஸ்டார்ட் செய்தால் கம்ப்யூட்டர் பழையபடி ஆகிவிடும், ஆட்டக் கணக்கும் அழிந்துவிடும். பில்லிங்குக்கு இடைஞ்சலாக இருந்ததால் ஐந்தாம் நம்பரில் மட்டும் போடவில்லை. பத்து வயதுப் பையன்கள் இதைக் கண்டுபிடித்து வைத்திருந்தார்கள்.

சரி, விஷயத்துக்கு வருகிறேன். பிளாஷ் 1996-இல் பிறந்தது. மேக்ரோமீடியா வளர்த்தது, 2005-இல் அடோபி வாங்கியது. 2010 ஏப்ரலில் ஸ்டீவ் ஜாப்ஸ் பகிரங்கக் கடிதம் எழுதி, ஐபோனில் பிளாஷுக்கு இடமில்லை என்றார். பாதுகாப்பு ஓட்டைகளும் பேட்டரித் தீனியும் அவர் சொன்ன காரணங்களில் சேர்த்தி. அதில் நியாயமும் இருந்தது. 2017 ஜூலையில் அடோபியே முடிவுத் தேதி குறித்தது. 2020 டிசம்பர் 31-இல் ஆதரவை நிறுத்தியது. 2021 ஜனவரி 12 முதல், ஏற்கனவே கம்ப்யூட்டரில் இருக்கிற பிளேயரும் எதையும் ஓட்ட மறுத்தது. அந்தத் தேதியை உள்ளுக்குள்ளேயே எழுதிவைத்திருந்தார்கள். தென்னாப்பிரிக்க வருமான வரித்துறை தன் படிவங்களை மாற்றி முடிக்காமல், அவற்றுக்காகவே தனியாக ஒரு பிரவுசரை வெளியிட வேண்டிவந்தது.

ஆக, நின்றுபோனது பிளேயர். கேசட் இருக்கிறது, டேப் ரிக்கார்டர்தான் இல்லை. அந்த டேப் ரிக்கார்டரைத் தன்னார்வலர்கள் புதிதாகச் செய்துவிட்டார்கள். பெயர் ரஃபிள். ரஸ்ட் என்ற நிரல்மொழியில் எழுதியது, இலவசம், நிரலும் திறந்தே கிடக்கிறது. பழைய பிளாஷின் ஓட்டைகள் இல்லாமல் பிரவுசருக்குள்ளேயே ஓடும். பழைய இணையப் பக்கங்களையும் மென்பொருள்களையும் சேர்த்துவைக்கிற இன்டர்நெட் ஆர்க்கைவ் என்ற இலவசத் தளம் 2020 நவம்பரிலேயே இதை வைத்துப் பழைய பிளாஷ் ஆட்டங்களையும் கார்ட்டூன்களையும் ஓடவிட்டது. அங்கே போய் ஆட்டத்தின் பெயரைத் தேடி, படத்தின்மேல் அழுத்தினால் போதும். எதையும் இன்ஸ்டால் செய்ய வேண்டாம். போனில்கூடத் திறக்கும். ஆனால் அம்புக்குறி விசை வேண்டிய ஆட்டத்தைப் போனில் திறந்துவிட்டு ஓடவில்லை என்று என்னிடம் வராதீர்கள். ஓ.டி.ஜி. கேபிளில் ஒரு கீபோர்டைச் செருகிப் பாருங்கள்.

கொஞ்சம் பெரிய ஆட்டங்கள், முக்கியமாக 2006-க்குப் பிறகு வந்த பிளாஷ் நிரல்மொழியான ஆக்‌ஷன்ஸ்கிரிப்ட் 3-இல் செய்தவை, ரஃபிளில் சில நேரம் தடுமாறும். அவற்றுக்கு ஃபிளாஷ்பாயிண்ட் என்ற ஆவணத் திட்டம் இருக்கிறது. அடோபியின் அறிவிப்பு வந்த சில மாதங்களில் பென் லாட்டிமோர் என்ற ஆஸ்திரேலியர் தொடங்கியது. இன்று இரண்டு லட்சத்துக்கும் மேலான ஆட்டங்களும் அசைபடங்களும் அதில் இருக்கின்றன. பிளாஷ் மட்டுமல்ல, ஷாக்வேவ், ஜாவா, யூனிட்டி வெப் பிளேயர் என்று பிரவுசர்கள் கைவிட்ட மற்றவற்றில் செய்தவையும் உண்டு. மொத்தமாக இறக்கினால் டெராபைட் கணக்கில் வரும். 'இன்ஃபினிட்டி' என்ற சின்னப் பதிப்பை எடுத்துக்கொண்டால், தேர்ந்தெடுக்கும் ஆட்டம் மட்டும் அப்போதைக்கு இறங்கும். விண்டோஸ் கம்ப்யூட்டர் இருந்தால் நல்லது. நான் மேலே சொன்ன கறுப்புத் திரைத் தொல்லைக்கு இவர்கள் கண்ட தீர்வு எனக்கு ரொம்பப் பிடித்தது. கம்ப்யூட்டருக்குள்ளேயே ஒரு குட்டி சர்வரை ஓட்டி, அதுதான் அந்தப் பழைய இணையதளம் என்று ஆட்டத்தை நம்பவைத்துவிடுகிறார்கள்.

சில ஆட்டங்களுக்கு இந்தச் சுற்றுவழியே தேவையில்லை. ஃபயர்பாய் வாட்டர்கேர்ள், பிளாஷ் தேவைப்படாத ஹெச்.டி.எம்.எல். 5-க்கு மாறி இன்றும் பிரவுசரில் ஓடுகிறது. 2009-இல் வந்தது. ஒருவருக்கு அம்புக்குறி விசைகள், மற்றவருக்கு டபிள்யூ, ஏ, எஸ், டி. ஒரே கீபோர்டில் அண்ணனும் தங்கையும் தோளை இடித்துக்கொண்டு ஆடுவார்கள், ஆளுக்குப் பத்து ரூபாய். பலூனைக் குத்தும் குரங்கு ஆட்டம் செய்த நியூசிலாந்து நிறுவனம் நிஞ்ஜா கிவி, தன் பழைய பிளாஷ் ஆட்டங்களைத் தொகுத்து ஸ்டீம் என்ற கம்ப்யூட்டர் கேம் விற்கும் தளத்தில் இலவசமாகவே வைத்திருக்கிறது. ஸ்டிக் கிரிக்கெட் போன் செயலியாக இருக்கிறது. கீபோர்டில் ஆடியதுபோல் அது இல்லை என்பது என் கட்சி.

ஆட்டத்தின் பெயரே தெரியாவிட்டால்தான் சிக்கல். எங்கள் கடையில் யார் பெயர் பார்த்தார்கள்? 'மண்ணு தோண்டுற கேம்', 'கோழி சுடுற கேம்' என்றுதான் கேட்பார்கள். போன வருடம் பாஸ்போர்ட் விண்ணப்பத்துக்கு வந்த ஒரு பழைய பையன், இப்போது கப்பலில் வேலை, அந்த மண் தோண்டுகிற ஆட்டத்தைக் கேட்டான். என்ன ஞாபகம் இருக்கிறது என்று கேட்டேன். மண் சிவப்பாக இருக்கும், கீழே போகப் போகக் கல்லுக்கு விலை கூடும், டீசல் தீர்வதற்குள் மேலே ஏறி பங்க்குக்கு வந்துவிட வேண்டும் என்றான். பெயரோ தளமோ தெரியாது. சிவப்பு மண் என்றால் செவ்வாய்க் கிரகமாக இருக்குமோ என்று தோன்றியது. செவ்வாய், சுரங்கம், எரிபொருள் என்ற மூன்றையும் ஆங்கிலத்தில் போட்டுத் தேடியதும் மதர்லோட் வந்து நின்றது. எக்ஸ்ஜென் ஸ்டூடியோஸ் என்ற கனடா நிறுவனம் 2004-இல் வெளியிட்டது. ஃபிளாஷ்பாயிண்ட்டில் ஓடவிட்டேன். பாஸ்போர்ட் விண்ணப்பம் பாதியில் நின்றது. பின்னால் நின்ற அம்மா ஒருவர், 'ஏம்ப்பா, ஒரு ரேஷன் கார்டு பிரிண்ட் எடுக்க இம்புட்டு நேரமா' என்று சத்தம் போட்ட பிறகுதான் எழுந்தான்.

ஆடிய தளத்தின் முகவரி மட்டும் ஞாபகம் இருந்தால், இன்டர்நெட் ஆர்க்கைவில் பழைய இணையப் பக்கங்களைக் காட்டும் வேபேக் மெஷினில் அதைக் கொடுத்து, 2006, 2007 என்று வருடத்தைத் தட்டிப் பாருங்கள். பழைய முகப்புப் பக்கத்தின் குட்டிப் படங்களைப் பார்த்ததும் கை தானாக அந்த ஆட்டத்தின்மேல் போகும். பெயரைக் குறித்துக்கொண்டு மற்ற இடங்களில் தேடலாம்.

ஒரு எச்சரிக்கையும் சொல்ல வேண்டும். கூகுளில் தேடும்போது 'பிளாஷ் பிளேயர் டவுன்லோடு' என்று பல தளங்கள் வரும். அழுத்தாதீர்கள். அடோபி அதைத் தருவதை நிறுத்தி வருடங்கள் ஆகின்றன. பழைய ஆட்டத்துக்கு ஆசைப்பட்டு அழுத்திவிட்டு, விளம்பரம் விளம்பரமாகக் கொட்டுகிற லேப்டாப்போடு என் கடைக்கு வருகிறவர்கள் இன்னும் இருக்கிறார்கள்.

திரும்பி வராதவையும் உண்டு. பாதி ஆட்டம் சர்வரில் இருந்தவை அவை. ஃபேஸ்புக்கில் தோட்டம் போடும் ஆட்டமான ஃபார்ம்வில் 2020 டிசம்பர் 31-இல் மூடப்பட்டது. அதில் ஸ்ட்ராபெரி நான்கு மணி நேரத்தில் பழுக்கும், நேரத்துக்கு அறுக்காவிட்டால் வாடிவிடும் என்று என் மனைவி கல்யாண வீட்டிலிருந்து போன் செய்து என்னை அறுக்கச் சொன்னதுண்டு. அந்தத் தோட்டம் இனிக் கிடைக்காது. டிஸ்னி 2017 மார்ச்சில் மூடிய, பிள்ளைகள் ஆன்லைனில் கூடி ஆடும் கிளப் பெங்குவினை ரசிகர்கள் தாங்களே சர்வர் போட்டு நடத்தினார்கள். அவற்றில் பெரியதான ஒன்றை 2022 ஏப்ரலில் லண்டன் போலீஸ் முடக்கியது. காப்புரிமைப் புகார்.

இப்போது அந்த இன்னொரு விஷயம். மதர்லோடையும் ஸ்டிக் கிரிக்கெட்டையும் பற்றி நான் கவலைப்படவில்லை, உலகம் முழுக்க அவற்றுக்கு ஆள் இருக்கிறது. நம் ஊர்க்காரர்கள் செய்தவற்றுக்கு யார் இருக்கிறார்கள்?

2000-களில் பாளையங்கோட்டைக் கல்லூரிகளில் கம்ப்யூட்டர் படித்த பிள்ளைகள் பலர் கடைசி வருட புராஜெக்டை பிளாஷில் செய்தார்கள். ரிப்போர்ட் டைப் அடிக்க, பைண்டிங் போட, சி.டி. எழுத என் கடைக்குத்தான் வருவார்கள். எழுதும்போது சி.டி. கெட்டுப்போனால் இன்னொன்று போட வேண்டுமே என்று ஒவ்வொன்றிலும் ஒரு பிரதி என் ஹார்ட் டிஸ்கில் வைத்திருப்பேன். அப்படித் தங்கிப்போனதில் ஒன்று ஆடுபுலி ஆட்டம். மூன்று புலி, பதினைந்து ஆடு, முக்கோணக் கட்டம். அண்மையில் ரஃபிளில் போட்டுப் பார்த்தேன், ஓடியது. முகப்பில் 'ஆடுபுலி ஆட்டம்' என்ற எழுத்து அச்சுப் பிசகாமல் வந்தது. ஆட்டம் முடிந்ததும் யார் ஜெயித்தது என்று சொல்லும் இடத்தில் மட்டும் ஆங்கில எழுத்தும் அரைப்புள்ளியுமாகக் கொட்டியது. டி.டி.பி. செய்கிறவர்களுக்குப் பார்த்ததும் தெரிந்துவிடும், பாமினி எழுத்துரு. ஆங்கில எழுத்துகளின் இடத்தில் தமிழ் எழுத்தைக் காட்டும் பழைய எழுத்துரு அது, இல்லாவிட்டால் ஆங்கிலமாகத்தான் தெரியும். முகப்பில் எழுத்தின் வடிவத்தையே ஃபைலுக்குள் பதித்திருக்கிறார்கள், அதனால் பிழைத்தது. முடிவுச் செய்தி கம்ப்யூட்டரில் இருக்கும் எழுத்துருவை எதிர்பார்க்கிறது. பாமினியை இன்ஸ்டால் செய்து, எழுத்துரு அமைப்பைக் கொஞ்சம் நோண்டியதும் 'புலி வென்றது' என்று சொல்லிவிட்டது.

இதைச் செய்த பிள்ளை இப்போது எங்கே என்று எனக்குத் தெரியாது. அந்தப் பிள்ளையிடமே இதன் பிரதி இருக்குமா என்பதும் சந்தேகம். இன்டர்நெட் ஆர்க்கைவிலும் ஃபிளாஷ்பாயிண்ட்டிலும் தேடினேன், இல்லை. இதுபோல எத்தனை ஊரில் எத்தனை பேர் பல்லாங்குழியும் தாயமும், அரிச்சுவடியும் திருக்குறளும் பிளாஷில் செய்து சி.டி.யில் எழுதி, அந்த சி.டி. இப்போது காக்காய் விரட்ட மொட்டைமாடியில் தொங்குகிறதோ.

ஜெராக்ஸ் கடைக்காரன் என்பதால் காப்புரிமைச் சட்டத்தைக் கொஞ்சம் படித்துவைத்திருக்கிறேன். பாடப் புத்தகப் பக்கங்களை நகலெடுத்ததற்காகப் பதிப்பகங்கள் தொடுத்த டெல்லிப் பல்கலைக்கழக ஜெராக்ஸ் கடை வழக்கில் 2016-இல் உயர் நீதிமன்றம் கடைக்காரர் பக்கம் தீர்ப்புச் சொன்னதை எங்கள் தொழிலில் இருப்பவர்கள் மறக்க மாட்டார்கள். 1957-ஆம் ஆண்டுச் சட்டத்தில் கணினி நிரலும் இலக்கியப் படைப்புதான். எழுதியவர் காலமான பிறகும் 60 வருடம் உரிமை நீடிக்கும். 2012-இல் திருத்தம் கொண்டுவந்து, லாப நோக்கமில்லாத பொது நூலகங்கள் ஒரு படைப்பைப் பாதுகாப்பதற்காக மின்வடிவில் சேமிக்கலாம் என்றார்கள், 52(1)(என்) பிரிவு. ஆனால் அந்தப் படைப்பின் மின்வடிவல்லாத பிரதி நூலகத்திடம் ஏற்கனவே இருக்க வேண்டுமாம். புத்தகத்துக்குச் சரி. பிறந்ததே மின்வடிவில் என்று இருக்கும் ஆட்டத்துக்குக் காகிதப் பிரதி எங்கே போவது? டெல்லியில் இருப்பவர்கள் இந்த ஒரு வரியைத் திருத்தினால் நூலகங்கள் துணிந்து இறங்கும். உங்கள் தலையங்கத்தில் ஒருநாள் இதைத் தொட்டால் நல்லது.

அதுவரை தனிமனிதர்கள்தான் செய்ய வேண்டும். கோட்டையூர் ரோஜா முத்தையா போர்டு எழுதும் கடை வைத்திருந்தவர். பழைய புத்தகத்தோடு கல்யாணப் பத்திரிகை, நோட்டீஸ் என்று மற்றவர்கள் தூக்கிப் போட்டதையும் சேர்த்துவைத்தார். இன்று சென்னையில் அவர் பெயரில் ஆய்வு நூலகம் நிற்கிறது. ஈழத்துத் தமிழ் நூல்களையும் இதழ்களையும் 2005-லிருந்து 'நூலகம்' என்ற இணையதளத்தில் ஏற்றிவருகிறவர்களும் தன்னார்வலர்கள்தான்.

ஆகவே வாசகர்களுக்கு என் வேண்டுகோள். 2000-களில் நீங்களோ உங்கள் பிள்ளைகளோ பிளாஷில் எதையாவது செய்திருந்தால், பழைய கம்ப்யூட்டரைக் காயலான் கடையில் போடுவதற்கு முன்னால் ஹார்ட் டிஸ்கை மட்டும் கழற்றி வையுங்கள். பட்டை ஒயர் போட்ட பழைய ஐ.டி.ஈ. டிஸ்க் என்றாலும் யு.எஸ்.பி. கன்வர்ட்டர் போட்டுப் படித்துவிடலாம். எஸ்டபிள்யூஎஃப் என்று முடியும் ஃபைல்களைத் தேடி எடுங்கள். எஃப்எல்ஏ என்று இருந்தால் இன்னும் விசேஷம், அது செய்தவரின் மூலக் கோப்பு. நீங்களே செய்தது என்றால் இன்டர்நெட் ஆர்க்கைவில் இலவசக் கணக்குத் தொடங்கி ஏற்றிவிடலாம். விவரக் குறிப்பில் எமுலேட்டர் என்ற இடத்தில் 'ரஃபிள்-எஸ்டபிள்யூஎஃப்' என்றும், அதன் நீட்சி 'எஸ்டபிள்யூஎஃப்' என்றும் ஆங்கிலத்தில் கொடுத்தால் ஆட்டம் அந்தப் பக்கத்திலேயே ஓடும். ஆண்டு, ஊர், செய்தவர் பெயர், என்ன எழுத்துரு என்ற நான்கையும் தமிழிலும் எழுதுங்கள். இல்லையென்றால் தேடுகிறவனுக்குக் கிடைக்காது.

உங்களுக்கும் ஒரு வேண்டுகோள். அந்தக் காலத்தில் நாளிதழ்களின் இணையதளங்களில் பொங்கலுக்கும் தேர்தலுக்கும் அசைகிற படங்களும் சின்ன ஆட்டங்களும் போடுவார்கள். உங்கள் தளத்திலும் வந்திருந்தால், பழைய சர்வரின் பேக்கப் அலுவலகத்தில் எங்காவது கிடக்கும். உங்கள் கம்ப்யூட்டர் பிரிவில் ஒரு பையனை விட்டுத் தேடச் சொல்லுங்கள்.

திருநெல்வேலி, பாளையங்கோட்டைக்காரர்கள் பழைய டிஸ்கை என் கடைக்கே கொண்டுவரலாம். படித்துத் தருவதற்குக் காசு வேண்டாம். பென் டிரைவ் மட்டும் கொண்டுவாருங்கள். பத்தாம் வகுப்பு ரிசல்ட் வருகிற வாரத்தில் வேண்டாம், அப்போது கடையில் நிற்க இடமிருக்காது.

கடிதம் நீண்டுவிட்டது. தேவையான அளவுக்கு வெட்டிப் போட்டுக்கொள்ளுங்கள். ரஃபிள், ஃபிளாஷ்பாயிண்ட் இரண்டின் பெயரையும் மட்டும் வெட்டிவிடாதீர்கள்.

இப்படிக்கு,
பழைய பிரவுசிங் சென்டர்காரர்,
பாளையங்கோட்டை.